தளபதிக்கு மேலே யார்?

பாகிஸ்தானில் 1958, 1977, 1999 ஆகிய ஆண்டுகளில் ராணுவம் ஆட்சியைப் பிடித்தது. வங்கதேசத்தில் 1975, 1982. மியான்மரில் 1962, 1988, 2021. இந்தியாவில் ஒருமுறைகூட இல்லை. ஏன் என்று கேட்டால் "நம் ராணுவத்தின் ஒழுக்கம்" என்ற பதில்தான் முதலில் வரும். ஒழுக்கம் இருக்கிறது, அதில் சந்தேகமில்லை. ஆனால் 1947 ஆகஸ்டு வரை இந்தியா, பாகிஸ்தான் இரு நாட்டு அதிகாரிகளும் ஒரே ராணுவத்தில் இருந்தவர்கள். ஒரே மெஸ்ஸில் சாப்பிட்டு, ஒரே சட்டப் புத்தகத்தின்படி தண்டித்தும் தண்டனை வாங்கியும் வளர்ந்தவர்கள். பாகிஸ்தானில் 1958இல் ஆட்சியைப் பிடித்த அயூப் கானும், இந்திய ராணுவத்தின் முதல் இந்தியத் தளபதி கரியப்பாவும் ஒரே பட்டாளத்தின் பிள்ளைகள். ஒழுக்கம் மட்டுமே காரணமென்றால் இரண்டு நாடுகளும் இப்படி எதிரெதிராகப் போயிருக்காது. பதவிகளை எப்படிப் பிரித்தார்கள், பணம் யார் கையெழுத்தில் போனது, கோப்பு எந்த மேசைக்கு ஏறியது என்பதில்தான் வேறுபாடு தொடங்கியது.

கதை 1905இல் ஆரம்பிக்கிறது. வைஸ்ராய் கர்சனின் நிர்வாகக் குழுவில் ராணுவ விவகாரங்களுக்கென்று தனியாக ஒரு உறுப்பினர் இருந்தார். படையை நடத்தும் கமாண்டர்-இன்-சீஃப் வேறு. அவருடைய முன்மொழிவுகள் இந்த உறுப்பினர் வழியாகத்தான் வைஸ்ராயிடம் போகும். கமாண்டர்-இன்-சீஃப் ஆக வந்த கிச்சனருக்கு இது பிடிக்கவில்லை; இரண்டு வேலையும் தன்னிடமே வேண்டும் என்றார். லண்டன் அவர் பக்கம் சாய்ந்தது, கர்சன் பதவி விலகினார். அதன்பிறகு சுதந்திரத்துக்கு முந்தைய ஆண்டு வரை படைத் தளபதியே ராணுவ மந்திரியும்கூட. அரசாங்கத்தில் வைஸ்ராய்க்கு அடுத்த இடம் அவருக்கு.

இதைத்தான் முதலில் உடைத்தார்கள். 1946 செப்டம்பர் 2 அன்று இடைக்கால அரசு அமைந்தபோது பாதுகாப்பு இலாகா பல்தேவ் சிங்கிடம் போயிற்று. 1947 ஆகஸ்டு 15 அன்று மூன்று படைகளுக்கும் தனித்தனித் தளபதிகள் வந்தார்கள். மூவருக்கும் மேலாக ஒரே ராணுவத் தலைவர் என்ற ஏற்பாடு போனது. டெல்லியில் கமாண்டர்-இன்-சீஃப் குடியிருந்த ஃபிளாக்ஸ்டாஃப் ஹவுஸில் நேரு குடியேறினார். அதுதான் பின்னாளில் தீன் மூர்த்தி பவன். 1955 ஏப்ரல் 1 முதல் கமாண்டர்-இன்-சீஃப் என்ற பட்டமே சட்டம் போட்டு எடுக்கப்பட்டது. அவர்கள் வெறும் 'தலைமைத் தளபதிகள்' ஆனார்கள். எல்லையின் அந்தப் பக்கம் என்ன நடந்தது? 1954 அக்டோபரில் அயூப் கான் கமாண்டர்-இன்-சீஃப் பதவியில் இருந்தபடியே பாதுகாப்பு அமைச்சராகவும் ஆக்கப்பட்டார். கிச்சனர் கேட்டு வாங்கிய அதே ஏற்பாடு. நான்கு ஆண்டுகள் கழித்து நடந்தது தெரிந்ததே.

இன்னும் இரண்டு ஏற்பாடுகள் பெரிதாகப் பேசப்படுவதில்லை. ஒன்று, ஆள் சேர்ப்பு. பிரிட்டிஷார் 'வீர இனம்' என்ற கொள்கையில் பஞ்சாபையே நம்பியிருந்தார்கள். சென்னைப் படைப்பிரிவுகள் 1920களில் கலைக்கப்பட்டு, இரண்டாம் உலகப் போரில் ஆள் போதாமல்தான் மெட்ராஸ் ரெஜிமென்ட் மீண்டும் எழுப்பப்பட்டது. பிரிவினையில் பஞ்சாபின் பெரும்பகுதி பாகிஸ்தானுக்குப் போனதால், அங்கே ஒரே மாகாணத்தவர் ஆதிக்கம் செலுத்தும் ராணுவம் அமைந்தது. இந்தியாவுக்குக் கலவையான ராணுவம் கிடைத்தது. இதில் பாதி திட்டம், பாதி தற்செயல். இரண்டாவது, மத்தியக் காவல் படைகள். சிஆர்பிஎஃப் எனப்படும் மத்திய ரிசர்வ் போலீஸ் படை, 1965இல் தொடங்கிய எல்லைப் பாதுகாப்புப் படை, இந்தோ-திபெத் எல்லைப் படை எல்லாம் உள்துறை அமைச்சகத்தின் கீழ். கலவரம் என்றால் முதலில் போவது இவர்கள். ராணுவத்தை அடிக்கடி தெருவுக்குக் கூப்பிட வேண்டிய அவசியம் இதனால் குறைந்தது. அடிக்கடி கூப்பிடப்படும் ராணுவம் ஒருநாள் "இவ்வளவு வேலையும் நாமே செய்கிறோம், இந்த மந்திரிகள் எதற்கு" என்று கேட்கும். பாகிஸ்தானில் 1953 லாகூர் கலவரத்தின்போது ராணுவச் சட்டம் போடப்பட்டது அப்படியொரு ஒத்திகையாக அமைந்துவிட்டது.

இப்போது சட்டம். அரசியலமைப்பின் 53(2)ஆம் பிரிவு முப்படைகளின் உச்சத் தலைமையைக் குடியரசுத் தலைவரிடம் வைக்கிறது. அவர் அமைச்சரவையின் ஆலோசனைப்படியே நடக்க வேண்டும் என்கிறது 74ஆம் பிரிவு. 310ஆம் பிரிவின்படி ராணுவப் பதவியில் இருப்பவர் குடியரசுத் தலைவரின் விருப்பம் இருக்கும்வரை மட்டுமே பதவியில் இருப்பார். சாதாரண அரசு ஊழியருக்கு 311ஆம் பிரிவு தரும் பாதுகாப்பு, அதாவது விசாரணையும் விளக்கம் சொல்ல வாய்ப்பும் இல்லாமல் நீக்கக் கூடாது என்பது, ராணுவத்தாருக்குக் கிடையாது. 33ஆம் பிரிவு அவர்களுடைய அடிப்படை உரிமைகளைக் குறைக்க நாடாளுமன்றத்துக்கு அதிகாரம் தருகிறது. அதைப் பயன்படுத்தித்தான் 1950ஆம் ஆண்டு ராணுவச் சட்டத்தின் 21ஆம் பிரிவு, சங்கம் சேர்வதையும் அரசியல் கூட்டத்துக்குப் போவதையும் பத்திரிகைக்குப் பேசுவதையும் கட்டுப்படுத்துகிறது.

310ஆம் பிரிவு ஏட்டில் மட்டும் இருப்பதல்ல. 1998 டிசம்பர் 30 அன்று கடற்படைத் தளபதி அட்மிரல் விஷ்ணு பகவத் பதவியிலிருந்து நீக்கப்பட்டார். துணைத் தளபதி பதவிக்கு வைஸ் அட்மிரல் ஹரிந்தர் சிங்கை அமைச்சரவையின் நியமனக் குழு தேர்ந்தெடுத்தது. அதைச் செயல்படுத்த முடியாது என்று பகவத் எழுத்தில் மறுத்தார். உத்தரவு வந்த அன்றே சுஷில் குமார் பொறுப்பேற்றார். ஒரு படைத் தளபதியை வீட்டுக்கு அனுப்ப ஒரே நாள் போதும், எந்த முகாமிலும் சலசலப்பு இல்லை என்பது அன்று தெரிந்தது. பகவத் செய்தது சரியா, பாதுகாப்பு அமைச்சர் ஜார்ஜ் பெர்னாண்டஸ் செய்தது சரியா என்று இன்றும் வாதாடலாம். இருவரும் வாதாட வேண்டிய இடம் எது என்பதில் அன்று யாருக்கும் குழப்பம் இருக்கவில்லை.

இந்த அளவுக்கு எளிதாக நீக்க முடியும் என்பதன் மறுபக்கம், இந்த அளவுக்கு எளிதாக நியமிக்கவும் முடியும் என்பது. தளபதி பதவிக்கு மூத்தவரையே தேர்வு செய்ய வேண்டுமென்று சட்டம் எதுவும் இல்லை; வழக்கம் மட்டுமே உண்டு. 1983இல் எஸ்.கே. சின்ஹாவைத் தாண்டி ஏ.எஸ். வைத்யா வந்தார். 2016இல் பிரவீன் பக்‌ஷி, பி.எம். ஹாரிஸ் இருவரையும் தாண்டி பிபின் ராவத் வந்தார். மூன்று படைகளுக்கும் பொதுவாகப் பின்னாளில் உருவாக்கிய முப்படைத் தலைமைத் தளபதி பதவிக்கு 2022 ஜூனில் விதி மாற்றப்பட்டு, 62 வயதுக்கு உட்பட்ட ஓய்வுபெற்ற லெப்டினன்ட் ஜெனரல்களும் தகுதி பெற்றார்கள். அதன்படி வந்தவர் அனில் சௌகான். தேர்வு செய்யும் உரிமை அரசுக்கு வேண்டும், அதை மறுக்க முடியாது. ஆனால் எத்தனை பேரிலிருந்து தேர்வு செய்யலாம் என்ற வட்டம் பெரிதாகப் பெரிதாக, அதிகாரிகள் தங்கள் பின்னால் வருபவரைவிட மேலே இருப்பவரின் முகத்தை அதிகம் பார்க்கத் தொடங்குவார்கள். சிவில் கட்டுப்பாடு கட்சிக் கட்டுப்பாடாகத் திரியும் இடம் இது. தேர்தல் பிரச்சாரத்தில் படைவீரர் படங்களைப் பயன்படுத்தாதீர்கள் என்று 2013இல் சொன்னதையே 2019 மார்ச்சில் தேர்தல் ஆணையம் மறுபடி சொல்ல வேண்டியிருந்தது.

அமைச்சகத்துக்குள் போவோம். அரசின் மரியாதை வரிசைப் பட்டியலில் படைத் தளபதிகள் 12ஆவது இடத்தில், இந்திய அரசின் செயலர்கள் 23ஆவது இடத்தில். விழா மேடையில் தளபதி முன்வரிசை. ஆனால் கோப்பு என்று வந்துவிட்டால், தளபதியின் தலைமையகத்திலிருந்து கிளம்பி அமைச்சகத்தின் சார்புச் செயலர், இயக்குநர், இணைச் செயலர், பாதுகாப்புத் துறைச் செயலர் என்று படிப்படியாக ஏறித்தான் அமைச்சரிடம் போகும். நடுவில் நிதிப் பிரிவு ஒப்புதல் தர வேண்டும். அரசு அலுவல் ஒதுக்கீட்டு விதிகள், 1961, 'இந்தியாவின் பாதுகாப்பு' என்ற பொறுப்பைச் செயலரின் துறைக்குத்தான் எழுதி வைத்தன. தளபதிகளின் பெயர் அதில் இல்லை. ராணுவத் தலைமையகம் பல காலம் அமைச்சகத்தின் 'இணைப்பு அலுவலகம்' மட்டுமே.

இதில் ராணுவத்தாருக்கு உள்ள எரிச்சல் ஊரறிந்தது. பெரும்பாலும் நியாயமான எரிச்சல்தான். இணைச் செயலராக வரும் ஐஏஎஸ் அதிகாரி நேற்றுவரை ஒரு மாநிலத்தில் வேளாண்மைத் துறையில் இருந்திருக்கலாம். அதிகபட்சம் ஐந்து ஆண்டு. டாங்கியின் பீரங்கிக் குழாய் எத்தனை சுற்றுக்குப் பிறகு தேயும் என்று அவர் கற்று முடிக்கும்போது மாற்றல் வந்துவிடும். தெரியாதவர் கேள்வி கேட்டுத் தெரிந்துகொள்ளலாம். ஆனால் கோப்பில் கேள்வி கேட்பது என்பது கோப்பைத் திருப்பி அனுப்புவது. ஒரு கேள்விக்கு மூன்று வாரம் என்றால் ஆறு கேள்விக்கு எவ்வளவு என்று கணக்குப் போட்டுக்கொள்ளலாம். 'கட்டுப்பாடு' என்ற பெயரில் நடந்ததில் பெரும்பகுதி தாமதம். அமைச்சர்கள் கட்டுப்படுத்த வேண்டியதை அமைச்சக அதிகாரிகள் கட்டுப்படுத்தினார்கள் என்பதுதான் தளபதிகளின் நெடுநாள் புகார்.

கார்கில் போருக்குப் பிறகு கே. சுப்ரமணியம் தலைமையில் அமைந்த ஆய்வுக் குழு இந்தப் பிளவைச் சுட்டிக்காட்டியது. அதைத் தொடர்ந்து 2001இல் அமைச்சர்கள் குழு முப்படைகளுக்கும் ஒரே தலைமைத் தளபதி வேண்டும் என்று பரிந்துரைத்தது. பரிந்துரை நடைமுறைக்கு வர 18 ஆண்டுகள் ஆயின. 2020 ஜனவரி 1 அன்று பிபின் ராவத் பொறுப்பேற்றார். கூடவே ராணுவ விவகாரத் துறை என்று புதிய துறை. அதன் செயலரும் அவரே. சீருடை அணிந்த ஒருவர் இந்திய அரசின் செயலராக இருப்பது புதிது. படைகள், அவற்றின் தலைமையகங்கள் எல்லாம் அந்தத் துறைக்குப் போயின. பாதுகாப்புக் கொள்கையும் பெரிய ஆயுதக் கொள்முதலும் பாதுகாப்புத் துறைச் செயலரிடமே நின்றன. பணமும் கொள்கையும் சிவில் கையில் இருக்கும்வரை இது கிச்சனர் கேட்ட ஏற்பாடு அல்ல என்பதே என் கருத்து. 2021 டிசம்பர் 8 அன்று வெலிங்டன் பணியாளர் கல்லூரிக்குப் போகும் வழியில் குன்னூர் அருகே ஹெலிகாப்டர் விழுந்து ராவத் இறந்தார். அடுத்தவரை நியமிக்க ஒன்பது மாதத்துக்கு மேல் எடுத்துக்கொண்டார்கள். அத்தியாவசியம் என்று சொல்லி உருவாக்கிய பதவியை அத்தனை மாதம் காலியாக வைக்க முடிந்தது.

ஆயுதம் வாங்குவது தனி உலகம். படை தனக்கு என்ன வேண்டும் என்று தரத் தேவைகளை எழுதும். அமைச்சர் தலைமையிலான பாதுகாப்புக் கொள்முதல் மன்றம் 'தேவை உண்டு' என்று ஏற்கும். பிறகு விலைப்புள்ளி கோரல், தொழில்நுட்ப மதிப்பீடு, பாலைவனத்திலும் பனிமலையிலும் களச் சோதனை, பேரக் குழு. கடைசியில் தொகையைப் பொறுத்து ஒப்புதல்: 2016இல் மாற்றிய வரம்புகளின்படி 2,000 கோடி ரூபாய் வரை பாதுகாப்பு அமைச்சர், 3,000 கோடி வரை நிதியமைச்சரும் சேர்ந்து, அதற்கு மேல் பிரதமர் தலைமையிலான பாதுகாப்புக்கான அமைச்சரவைக் குழு. ஏட்டில் அழகாக இருக்கிறது. எங்கே சிக்கும்? முதல் படியிலேயே. உலகத்தில் கிடைக்கும் நல்ல அம்சங்களையெல்லாம் ஒன்றாகச் சேர்த்து, எந்தக் கம்பெனியும் செய்யாத ஒரு பொருளைப் படை கேட்டுவிடும். சோதனையில் ஒரே கம்பெனி தேறும். ஒரே கம்பெனி என்றால் போட்டி இல்லை, போட்டி இல்லையென்றால் விசாரணை வரும் என்ற பயத்தில் மொத்தத்தையும் ரத்து செய்து மறுபடி முதலிலிருந்து. இந்தப் பயத்துக்கு ஒரு பெயர் உண்டு: போஃபர்ஸ். 1986 மார்ச்சில் அந்த ஸ்வீடன் கம்பெனியோடு 410 பீரங்கிகளுக்கு ஒப்பந்தம்; 1987 ஏப்ரலில் ஸ்வீடன் வானொலி லஞ்சச் செய்தியை வெளியிட்டது. அடுத்து வெளிநாட்டிலிருந்து பீரங்கி வாங்க 2016 நவம்பரில்தான் ஒப்பந்தம் போட முடிந்தது, 145 எம்777 பீரங்கிகளுக்கு. முப்பது ஆண்டுகள். ஊழலைத் தடுக்கவும் வேண்டும், பீரங்கியும் வேண்டும். கையெழுத்துப் போடாதவரை எந்த அதிகாரியும் தண்டிக்கப்படுவதில்லை என்பதால், போடாமல் இருப்பதே எல்லாருக்கும் பாதுகாப்பாகிவிட்டது.

போர்க்களத்தில் சிவில் கட்டுப்பாடு எப்படி வேலை செய்தது என்று பார்க்க மூன்று ஆண்டுகளைப் பக்கத்தில் பக்கத்தில் வைக்கலாம்: 1962 (சீனப் போர்), 1987 (இலங்கை), 1999 (கார்கில்).

1962இல் அரசியல் தலைமை சாவடி சாவடியாக இறங்கி வந்தது. சீனர்கள் உரிமை கோரும் இடங்களில் சிறு சிறு சாவடிகளை அமைக்கச் சொன்னார்கள். அவற்றுக்கு உணவும் தோட்டாவும் கொண்டுபோகப் பாதை உண்டா என்ற கேள்வியைத் தள்ளிவைத்தார்கள். வடகிழக்கு எல்லையிலுள்ள தாக்லா முகட்டிலிருந்து சீனரை விரட்டும் உத்தரவை எழுத்தில் கொடுங்கள் என்று தலைமைத் தளபதி தாப்பர் கேட்டபோது, செப்டம்பர் 22 அன்று வந்த தாளில் கையெழுத்திட்டிருந்தவர் ஒரு இணைச் செயலர். பாதுகாப்பு அமைச்சர் கிருஷ்ண மேனன் அப்போது நியூயார்க்கில். படைகளுக்கு மலைக் குளிருக்கான உடை போதவில்லை, பீரங்கி ஏறக்குறைய இல்லை. அக்டோபர் 20 அன்று சீனத் தாக்குதல் வந்தது. தப்பு அரசியல்வாதிகள் மேல் மட்டும் என்று முடிக்கவும் முடியாது. முடியாது என்று தெரிந்தும் எழுத்தில் "முடியாது" என்று சொல்லாத தளபதிகளும் இருந்தார்கள். 1959 ஆகஸ்டு 31 அன்று அப்போதைய தளபதி திம்மையா ராஜினாமாக் கடிதம் கொடுத்து, நேரு பேச்சுக்கு இணங்கித் திரும்பப் பெற்று, பிறகு நாடாளுமன்றத்திலேயே கண்டனம் கேட்டதைப் பார்த்தவர்கள் அவர்கள். அதற்குப் பிறகு யார் வாய் திறப்பார்கள்?

1962 கொடுத்த அடியில் அரசியல்வாதிகள் எதிர்த்திசைக்கு ஓடினார்கள். படை நடவடிக்கை என்றால் தளபதி பார்த்துக்கொள்வார் என்று கையை எடுத்துவிடும் பழக்கம் வந்தது. 1971இல் அது நல்லபடியாக முடிந்தது, ஏனென்றால் இந்திரா காந்தி என்ன வேண்டும் என்பதில் தெளிவாக இருந்தார். 1987இல் அந்தத் தெளிவு இல்லை. ஜூலை 29 ஒப்பந்தத்தைத் தொடர்ந்து இலங்கைக்குப் போன படையின் வேலை ஆயுத ஒப்படைப்பை மேற்பார்க்கும் அமைதிப் பணி. அக்டோபரில் அதே படையிடம் புலிகளின் ஆயுதத்தைப் பலத்தால் பறிக்கச் சொன்னார்கள். யாழ்ப்பாணத்தின் சரியான வரைபடம்கூடப் போதிய அளவில் கையில் இல்லாமல் நகரத்துக்குள் இறங்கினார்கள். கொழும்பில் இந்தியத் தூதர், புலிகளோடு பழைய உறவுள்ள உளவு அமைப்பு, டெல்லியில் ராணுவத் தலைமையகம், சென்னையில் படையின் ஒட்டுமொத்தத் தலைமையகம் என்று பல வாய்கள். எல்லாவற்றையும் ஒரு மேசையில் சேர்த்து, 'இதுதான் இலக்கு, இது கிடைத்தால் நிறுத்தலாம்' என்று எழுதிக் கொடுத்த அரசியல் தலைமை இல்லை. 1990 மார்ச்சில் கடைசி வீரர் கப்பலேறும்போது ஏறத்தாழ 1,200 இந்தியப் படையினர் இறந்திருந்தார்கள். யாழ்ப்பாண மருத்துவமனை உள்படப் பல இடங்களில் இறந்த தமிழ் மக்களுக்கு இன்றுவரை முறையான கணக்குக் கிடையாது. எந்த வாக்கெடுப்பும் இல்லாமல் போன படை அது. நம் அரசியலமைப்பின்படி வெளிநாட்டுக்குப் படை அனுப்ப நாடாளுமன்றத்தின் முன் ஒப்புதல் தேவையில்லை. ஜெர்மனியில் தேவை. 1994இல் அவர்களின் அரசியலமைப்பு நீதிமன்றம் அப்படித் தீர்ப்புச் சொல்லி, 2005இல் தனிச் சட்டமும் போட்டார்கள்.

1999 மூன்றிலும் சிறப்பாக நடந்தது. கார்கிலில் விமானப்படையைப் பயன்படுத்த மே 25 அன்று அமைச்சரவைக் குழு அனுமதித்தது, ஒரு நிபந்தனையோடு: கட்டுப்பாட்டுக் கோட்டைத் தாண்டக் கூடாது. இந்த நிபந்தனைக்கு விலை இருந்தது. விமானங்கள் வரக்கூடிய திசைகள் குறைந்தன, தரைப்படை நேர்முகமாக முகடுகளில் ஏற வேண்டியிருந்தது. மே 27, 28இல் இரண்டு போர் விமானங்களும் ஒரு ஹெலிகாப்டரும் இழக்கப்பட்டன. தளபதிகள் நிபந்தனையை எதிர்த்துப் பேசியிருக்கலாம், ஆனால் மீறவில்லை. அதற்குப் பலனாக உலக நாடுகள் இந்தியா பக்கம் நின்றன. ஜூலை 4 அன்று வாஷிங்டனில் பாகிஸ்தான் பிரதமர் நவாஸ் ஷெரீப் பின்வாங்க ஒப்புக்கொண்டார். எல்லையை அரசு வரைந்தது, அதற்குள் எப்படிச் சண்டையிடுவது என்பதை ராணுவம் முடிவு செய்தது.

உள்நாட்டில் ராணுவம் இறங்குவதற்கான விதி இன்னும் துல்லியமானது. பாரதிய நாகரிக் சுரக்‌ஷா சன்ஹிதாவின் 149ஆம் பிரிவு, பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 130. கூட்டத்தை வேறு வழியில் கலைக்க முடியாது, பொதுப் பாதுகாப்புக்கு அவசியம் என்றால், அங்கே இருக்கும் மாவட்ட ஆட்சியரோ அவர் அதிகாரம் அளித்த நிர்வாக நடுவரோ (மாஜிஸ்திரேட்) ராணுவ அதிகாரியிடம் கோரலாம். கோரினால் அதிகாரி கீழ்ப்படிய வேண்டும். ஆனால் எப்படிக் கலைப்பது என்பது அவர் முடிவு. 'சுடு' என்று நடுவர் சொல்ல முடியாது. 'கலை' என்று மட்டும் சொல்லலாம். குறைந்தபட்ச பலம், குறைந்தபட்சச் சேதம் என்று சட்டமே எழுதியிருக்கிறது. நடைமுறையில் கோரிக்கையை எழுத்தில் வாங்குவார்கள், நடுவர் படையணியோடு கூடவே இருப்பார், மக்கள் மொழியில் எழுதிய பதாகையை விரித்து எச்சரிப்பார்கள், சுட நேர்ந்தால் வெற்றுத் தோட்டாவோ தலைக்கு மேலே சுடுவதோ கூடாது. தாழ்வாக, குறிவைத்து, எண்ணிச் சுட்டு, காலித் தோட்டாக்களைக் கணக்கில் சேர்க்க வேண்டும். தலைக்கு மேலே சுடுவது கருணை போலத் தெரியும். தூரத்தில் வேடிக்கை பார்ப்பவன் சாவான், எதிரே நிற்பவன் துணிச்சல் பெறுவான். நடுவரைத் தொடர்புகொள்ளவே முடியாத நிலையில் கெசட்டட் அதிகாரி தானே முடிவெடுக்க 150ஆம் பிரிவு இடம் தருகிறது. தொடர்பு கிடைத்த நொடியிலிருந்து மறுபடி நடுவரின் சொல்தான். இத்தனை நுணுக்கத்துக்கும் பின்னால் 1919 ஏப்ரல் 13 இருக்கிறது. அன்று ஜாலியன்வாலா பாக்கில் எச்சரிக்கையும் இல்லாமல், நடுவரும் இல்லாமல் டயர் 1,650 சுற்றுகள் சுடவைத்தார்.

இந்த நுணுக்கத்தை முழுசாகத் தாண்டிப் போவது 1958ஆம் ஆண்டின் ஆயுதப் படைகள் சிறப்பு அதிகாரச் சட்டம். ஒரு பகுதியைக் 'கலவரப் பகுதி' என்று அறிவித்துவிட்டால் ஒவ்வொரு முறையும் நடுவரின் தாள் தேவையில்லை. 1997இல் உச்ச நீதிமன்றம் இச்சட்டத்தைச் செல்லும் என்று சொன்னது. கூடவே ஆறு மாதத்துக்கு ஒருமுறை அறிவிப்பை மறுபரிசீலிக்க வேண்டும், படை சிவில் நிர்வாகத்துக்கு உதவியாகத்தான் இருக்கலாம், அதன் இடத்தைப் பிடிக்கக் கூடாது என்றது. 6ஆம் பிரிவுதான் முள். மத்திய அரசின் முன் அனுமதி இல்லாமல் படையினர் மேல் வழக்கு நடத்த முடியாது. 2021 டிசம்பர் 4 அன்று நாகாலாந்தின் ஓட்டிங் கிராமத்தில் சுரங்கத் தொழிலாளர்கள் வந்த வண்டியைத் தீவிரவாதிகள் வண்டி என்று நினைத்து ராணுவச் சிறப்புப் பிரிவு சுட்டது. அதிலும் அதைத் தொடர்ந்தும் 13 கிராமத்தார் இறந்தார்கள். மாநிலப் போலீஸ் 30 ராணுவத்தார் மேல் குற்றப்பத்திரிகை தாக்கல் செய்தது. 2023இல் மத்திய அரசு அனுமதி மறுத்தது. 2024 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் வழக்கை முடித்துவைத்தது, எப்போதாவது அனுமதி கிடைத்தால் தொடரலாம் என்று சொல்லி. அனுமதி மறுத்தவர்கள் சீருடைக்காரர்கள் அல்ல. தேர்ந்தெடுக்கப்பட்ட அரசு. ராணுவம் சிவில் அரசுக்குக் கட்டுப்பட்டிருப்பதாலேயே குடிமகனுக்கு நீதி கிடைத்துவிடும் என்று நினைப்பவர்கள் ஓட்டிங்கை ஒருமுறை யோசிக்க வேண்டும்.

அப்படியானால் அந்த அரசைக் கட்டுப்படுத்துவது யார்? நாடாளுமன்றம். இந்த அமைப்பிலேயே பலவீனமான கண்ணி அதுதான். 2025–26 நிதிநிலை அறிக்கையில் பாதுகாப்பு அமைச்சகத்துக்கு ஒதுக்கியது 6.81 லட்சம் கோடி ரூபாய். அதில் ஓய்வூதியம் மட்டும் 1.60 லட்சம் கோடி, ஆயுதம் உள்ளிட்ட மூலதனச் செலவு 1.80 லட்சம் கோடி. இந்தப் பணம் மானியக் கோரிக்கைகளாக மக்களவைக்கு வரும். உறுப்பினர்கள் குறைக்கலாம், கூட்ட முடியாது. 100 ரூபாய் வெட்டுத் தீர்மானம் கொண்டுவந்து குறிப்பிட்ட குறையைப் பேசலாம். பெரும்பாலும் அதற்கும் நேரம் வராது. கடைசி நாளில் விவாதிக்காத எல்லாக் கோரிக்கைகளையும் ஒரே குரல் வாக்கில் நிறைவேற்றும் 'கில்லட்டின்' இறங்கும். 2018 மார்ச்சில் அமளிக்கு நடுவே எல்லா அமைச்சகங்களின் கோரிக்கைகளும் அப்படியே போயின.

மிச்சமிருப்பது குழுக்கள். பாதுகாப்பு நிலைக்குழுவில் 31 பேர், மக்களவையிலிருந்து 21, மாநிலங்களவையிலிருந்து 10. செயலரையும் துணைத் தளபதிகளையும் நேரில் கூப்பிட்டுக் கேட்கும். ஆனால் அதன் பரிந்துரை அரசைக் கட்டுப்படுத்தாது, உறுப்பினர்களுக்கு ராணுவ விவரம் தெரிந்த சொந்த ஆய்வாளர்களும் கிடையாது. படை கொடுக்கும் விளக்கப் படங்களை வைத்துப் படையைக் கேள்வி கேட்க வேண்டும். ஜெர்மானிய நாடாளுமன்றம் தனக்கென்று ஒரு ராணுவ ஆணையரை வைத்திருக்கிறது. எந்தச் சிப்பாயும் மேலதிகாரியைத் தாண்டி அவருக்கு நேராக எழுதலாம். இங்கே அப்படி எழுதும் சிப்பாய் மேல் ஒழுங்கு நடவடிக்கை வரும். சிஏஜி எனப்படும் தலைமைக் கணக்குத் தணிக்கையாளர் தணிக்கை செய்கிறார், பொதுக் கணக்குக் குழு அதைப் படிக்கிறது. ஆனால் 2019 பிப்ரவரியில் வந்த ரஃபேல் போர் விமானக் கொள்முதல் தணிக்கை அறிக்கையில் விலை விவரங்கள் மறைக்கப்பட்டே நாடாளுமன்றத்துக்கு வந்தன.

இதையெல்லாம் வெளியிலிருந்து கண்காணிக்க விரும்புகிறவர் முதலில் எடுக்க வேண்டியது நிலைக்குழுவின் 'எடுக்கப்பட்ட நடவடிக்கை' அறிக்கைகளை. அசல் அறிக்கைக்கு மூன்று மாதத்துக்குள் அமைச்சகம் பதில் தர வேண்டும். அந்தப் பதில்களைக் குழு தரம் பிரித்து வெளியிடுகிறது. இரண்டாம் அத்தியாயத்தில் ஏற்கப்பட்டவை இருக்கும். பெரும்பாலும் 'கவனத்தில் கொள்ளப்பட்டது' வகை, தாண்டிப் போகலாம். நான்காம் அத்தியாயத்துக்கு நேராகப் போங்கள். அமைச்சகத்தின் பதிலைக் குழு ஏற்காத பரிந்துரைகள் அங்கேதான் இருக்கும். ஐந்தாம் அத்தியாயத்தில் இடைக்காலப் பதில்கள். ஒரே பரிந்துரை அடுத்தடுத்த ஆண்டுகளில் அந்த ஐந்தாம் அத்தியாயத்திலேயே உட்கார்ந்திருந்தால் அதைக் குறித்து வைத்துக்கொண்டு, உங்கள் தொகுதி எம்பிக்கு அதன் பத்தி எண்ணோடு எழுதி, அமைச்சர் அவையில் வாய்மொழியாகப் பதில் சொல்ல வேண்டிய நட்சத்திரக் கேள்வியாகக் கேட்கச் சொல்லலாம். பத்தி எண் இருந்தால், பாதுகாப்பு கருதி வெளியிட இயலாது என்ற பதிலைச் சொல்வது அமைச்சருக்குக் கடினம். விவரம் ஏற்கெனவே நாடாளுமன்றத்தின் மேசையில் வைக்கப்பட்ட ஆவணத்தில் அச்சாகியிருக்கிறது.